முகம் கிடைத்த நடிகரும் பெயர் கிடைக்காத கூலிகளும்

(அம்பேத்கர் நினைவு நாளையொட்டி வேப்பம்பட்டில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



பாபாசாகேப் நினைவு நாளில் ஒரு ஜப்பானிய சினிமா நடிகரைப் பற்றி என்ன பேச்சு என்று உங்களில் சிலருக்குத் தோன்றியிருக்கும். நியாயமான கேள்விதான். அந்த நடிகரின் பெயர் செஸ்யூ ஹயகவா. 1886இல் ஜப்பானின் சிபா பகுதியில் பிறந்தவர். அமெரிக்கா, பிரான்ஸ், இங்கிலாந்து, மறுபடி ஜப்பான், மறுபடி பிரான்ஸ் என்று நடித்து 1973இல் டோக்கியோவில் இறந்தவர். அவருக்கு உலகப் புகழைத் திருப்பிக் கொடுத்த படம் இலங்கையில் எடுக்கப்பட்டது. தமிழ்க் கூலிகள் பல்லாயிரம் பேர் செத்துப்போன ஒரு ரயில் பாதையைப் பற்றிய படம் அது. அந்தப் படத்தில் ஒரு தமிழ்க் கூலியின் முகம்கூடக் கிடையாது.

வெள்ளைக்காரர்களின் சினிமாவில் ஒரு ஜப்பானியருக்கு என்ன முகம் கொடுக்கப்பட்டது, நம் முகம் எப்படிக் காணாமல் போனது, இந்த இரண்டையும் சேர்த்துப் பார்க்க வேண்டும் என்பதுதான் என் பேச்சு.

அகமணமும் வெள்ளித்திரையும்

அம்பேத்கர் 1913இல் நியூயார்க் போய்ச் சேர்ந்தார். கொலம்பியா பல்கலைக்கழகத்தில் படித்தார். 1916 மே மாதம் ஒரு மானிடவியல் கருத்தரங்கில் இந்தியச் சாதிகளைப் பற்றிய தன் கட்டுரையைப் படித்தார். சாதியின் உயிர்நாடி அகமணம்தான் என்று அதில் நிறுவினார். தீட்டு, தொழில், புரோகிதம் எல்லாம் இருக்கலாம். ஆனால் ஒரு கூட்டம் தன் பெண்களைத் தன் வட்டத்துக்கு வெளியே போகவிடாமல் காவல் காக்கிறதே, சாதியின் இயந்திரம் அங்கேதான் ஓடுகிறது என்றார். அப்போது அவருக்கு வயது 25.

அதே மாதங்களில் அமெரிக்கத் திரையரங்குகளில் ஓடிக்கொண்டிருந்தது 'தி சீட்' என்ற மௌனப்படம். 1915 டிசம்பரில் வெளியானது. இயக்குநர் செசில் பி. டிமில். அதில்தான் ஹயகவா பெரிய நட்சத்திரமானார். அம்பேத்கர் அந்தப் படத்தைப் பார்த்தார் என்று நான் சொல்லவில்லை. ஆனால் அவர் கட்டுரையில் சொன்ன நோயை அந்தப் படம் திரையில் காட்டிக்கொண்டிருந்தது.

கதை இதுதான். பணக்கார வெள்ளைக்காரப் பெண் ஒருத்தி. தர்ம காரியத்துக்காகச் சேர்த்த 10,000 டாலரைச் சூதாட்ட வியாபாரத்தில் தொலைத்துவிடுகிறாள். ஜப்பானிய தந்த வியாபாரி ஒருவனிடம் கடன் கேட்கிறாள். பதிலுக்கு அவளையே கேட்கிறான் அவன். பிறகு பணத்தைத் திருப்பிக் கொடுக்க வருகிறாள். அவன் வாங்க மறுத்து, தன் உடைமைகளுக்கு வைக்கும் முத்திரையைப் பழுக்கக் காய்ச்சி அவள் தோளில் சூடு போடுகிறான். கடைசியில் நீதிமன்றத்தில் அவள் தோளைத் திறந்து காட்டுகிறாள். கூடியிருந்த வெள்ளைக்காரக் கூட்டம் அவனை அடித்துக் கொல்லப் பாய்கிறது. படம் அந்தக் கூட்டத்தின் பக்கம் நிற்கிறது.

நமக்கு இது புதிய கதை இல்லை. 'எங்கள் வீட்டுப் பெண்ணை' என்று தொடங்கும் வாக்கியம் எங்கே போய் முடியும் என்று தருமபுரியிலும் உடுமலையிலும் பார்த்தவர்கள் நாம். கலிபோர்னியாவில் அப்போது வெள்ளையரும் ஆசியரும் மணம் செய்ய சட்டமே தடை போட்டிருந்தது. அந்தச் சட்டம் 1948இல்தான் நீதிமன்றத்தில் விழுந்தது. அதுவரை திரையிலும் அதே எல்லைதான். ஹயகவாவின் கதாபாத்திரம் வெள்ளைக்காரப் பெண்ணைக் காதலிக்கலாம். ஆனால் படம் முடிவதற்குள் அவன் விலகிப் போக வேண்டும், தியாகம் செய்ய வேண்டும், இல்லையென்றால் சாக வேண்டும்.

இதிலும் ஒரு வேடிக்கை. அன்றைய மௌனப்பட நடிகர்கள் கையை வீசி, கண்ணை உருட்டி நடித்தார்கள். ஹயகவா முகத்தை அசைக்காமல், கண்ணால் மட்டும் நடித்தார். வெள்ளைக்காரப் பெண்கள் கூட்டம் கூட்டமாக அவரைப் பார்க்கப் போனார்கள். ஹாலிவுட்டில் அதிகச் சம்பளம் வாங்கிய நடிகர்களில் ஒருவரானார். எந்த முகத்தை வெறுக்கச் சொல்லிப் படம் எடுத்தார்களோ, அந்த முகத்தை மக்கள் காசு கொடுத்துப் பார்த்தார்கள். கலைஞனின் திறமையை மட்டும் ரசித்துவிட்டு மனிதனை வாசலில் நிறுத்துவது எப்படி என்று பறையிசைக் கலைஞர்களுக்குத் தனியாக விளக்க வேண்டியதில்லை.

ஜப்பானியன் பர்மாக்காரன் ஆன கதை

படம் வெளியானதும் அமெரிக்காவில் இருந்த ஜப்பானியர்கள் கொதித்தார்கள். லாஸ் ஏஞ்சல்ஸின் ஜப்பானியப் பத்திரிகை எதிர்த்து எழுதியது. நாட்டை அவமானப்படுத்திவிட்டான் என்று ஜப்பானிலும் ஹயகவாவை ஏசினார்கள். 1918இல் அதே படத்தை மறுவெளியீடு செய்தபோது, முதல் உலகப் போரில் ஜப்பான் அமெரிக்காவின் கூட்டாளி நாடு. கூட்டாளியைப் புண்படுத்த முடியுமா? எழுத்து அட்டைகளை மட்டும் மாற்றினார்கள். அதே நடிகர், அதே உடை, அதே காட்சி. ஆனால் வில்லன் இப்போது ஜப்பானியன் இல்லை, பர்மாக்காரன்.

இதைக் கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டும். ஜப்பானுக்கு அரசாங்கம் இருந்தது, கடற்படை இருந்தது, தூதரகம் இருந்தது. அன்றைய பர்மாவுக்கு எதுவும் இல்லை; பிரிட்டிஷ் இந்தியாவின் ஒரு மாகாணம் அது. கேட்பதற்கு ஆள் இருக்கும் சாதியைத் தொடாமல், கேட்பதற்கு நாதியில்லாத சாதியின் தலையில் பழியை இறக்கிவைக்கும் வேலையை நம் தமிழ்ப் படங்கள் எத்தனை முறை செய்திருக்கின்றன! வில்லனின் ஊரும் பேரும் எப்படித் தேர்ந்தெடுக்கப்படுகின்றன என்று பார்த்தாலே அந்த நாட்டின் அதிகாரம் எங்கே இருக்கிறது என்று தெரிந்துவிடும்.

அதே 1918இல் ஹயகவா சொந்தமாக ஹாவொர்த் என்ற படக் கம்பெனியைத் தொடங்கினார். மனைவி ட்சுரு அவோகியும் நடிகைதான். இருவரும் நடித்த 'தி டிராகன் பெயின்டர்' 1919இல் வந்தது. தன் கதையைத் தானே சொல்ல வேண்டும் என்றால் கேமராவும் கணக்குப் புத்தகமும் தன் கையில் இருக்க வேண்டும் என்பதை நூறு வருடத்துக்கு முன்பே புரிந்துகொண்டவர் அவர். ஆவடிக்குப் பக்கத்தில் கரலப்பாக்கத்தில் பிறந்து வளர்ந்த பா. இரஞ்சித், நீலம் என்று சொந்த நிறுவனம் வைத்திருப்பதன் அர்த்தம் நமக்கு இப்படித்தான் விளங்குகிறது.

ஆனால் கம்பெனி வைத்திருந்தாலும் குடியுரிமை இல்லை. 1922 நவம்பரில் டகாவோ ஓசாவா என்ற ஜப்பானியர் தொடுத்த வழக்கில், ஜப்பானியர் வெள்ளையர் அல்லர், ஆகவே குடியுரிமை பெற முடியாது என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்த வருடமே ஹயகவா ஹாலிவுட்டை விட்டு வெளியேறினார்.

அடுத்த மூன்று மாதத்தில் இன்னொரு வழக்கு முடிந்தது. பஞ்சாபிலிருந்து போய் அமெரிக்க ராணுவத்தில் பணியாற்றிய பகத் சிங் திந்த் என்பவர் குடியுரிமை கேட்ட வழக்கு. அவர் தரப்பு வாதம் என்ன தெரியுமா? நான் உயர்சாதி இந்து, ஆரிய ரத்தம், ஆகவே வெள்ளையன் என்பது. அதோடு நிற்கவில்லை. நீங்கள் கறுப்பரோடு மண உறவு வைப்பதை எப்படி அருவருக்கிறீர்களோ, அப்படியே நாங்களும் எங்கள் நாட்டின் பூர்வகுடிகளோடு மண உறவை அருவருக்கிறோம் என்று எழுதிக் கொடுத்தார்கள். அகமணத்தை ஆதாரச் சான்றிதழாக நீட்டிய வழக்கு அது. நீதிமன்றம் அதையும் தள்ளுபடி செய்தது. கடல் தாண்டினால் சாதி போய்விடும் என்று நம்புகிறவர்கள் இந்த வழக்கைப் படிக்க வேண்டும்.

ஜப்பானியர் எல்லோரும் ஒன்று என்றும் நினைத்துவிட வேண்டாம். தோல் வேலையும் பிண வேலையும் செய்ததால் தலைமுறை தலைமுறையாக ஒதுக்கப்பட்ட புராகுமின் மக்கள் அங்கே உண்டு. அவர்கள் கியோட்டோவில் கூடி சுயிஹெய்ஷா என்ற சமத்துவ இயக்கத்தைத் தொடங்கியதும் அதே 1922தான். வெளிநாட்டில் இனத்தால் ஒதுக்கப்பட்டவன் தன் நாட்டில் ஒதுக்குகிறவனாகவும் இருக்க முடியும். இரண்டையும் ஒரே சமயத்தில் பார்க்கப் பழக வேண்டும்.

அதே காலத்தில் கேரளத்தில் நடந்ததையும் இங்கே சொல்ல வேண்டும். முதல் மலையாளப் படமான 'விகதகுமாரன்' படத்தில் கதாநாயகியாக நடித்த பி.கே. ரோஸி ஒரு தலித் பெண். நாயர் பெண்ணாக நடித்தார் என்பதற்காக ஆதிக்கச் சாதியினர் கல்லெறிந்து அவரை ஊரைவிட்டே விரட்டினார்கள். அவர் தமிழ்நாட்டுக்கு வந்து, வேறு பெயரில், நடிகை என்பதை மறைத்து வாழ்ந்து முடித்தார். அந்தப் படத்தின் ஒரு பிரதிகூட மிஞ்சவில்லை. ஹயகவாவுக்குக் கிடைத்த கோணல் முகம்கூட ரோஸிக்குக் கிடைக்கவில்லை. இன்று சென்னையில் ரோஸி பெயரில் நீலம் திரைப்பட விழா நடத்துகிறது. அதற்குத் தொண்ணூறு ஆண்டுகள் ஆயின.

களனி ஆற்றங்கரையில் ஒரு பாலம்

ஹாலிவுட்டுக்குப் பிறகு ஹயகவா பிரான்சில் நடித்தார், இங்கிலாந்தில் நடித்தார், ஜப்பான் திரும்பினார். 1937இல் பாரிசில் எடுத்த 'யோஷிவாரா' படத்தால் மறுபடி ஜப்பானில் கெட்ட பெயர். போர்க்காலம் முழுக்க பாரிசில் மாட்டிக்கொண்டு, குடும்பத்தைப் பிரிந்து, ஓவியம் வரைந்து விற்றுப் பிழைத்தார். 1949இல் ஹாலிவுட் மறுபடி கூப்பிட்டது. இப்போது அவருக்குக் காதலன் வேடம் இல்லை. 1950இல் வந்த 'த்ரீ கேம் ஹோம்' படத்தில் ஜப்பானியச் சிறைமுகாம் அதிகாரி. 1957இல் 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்' படத்தில் மறுபடி முகாம் அதிகாரி, கர்னல் சைட்டோ.

அந்தப் படத்தில் அவர் நடிப்பைக் குறை சொல்ல முடியாது. வெள்ளைக்கார அதிகாரியிடம் தோற்றுப்போய், அறைக்குள் தனியாக உட்கார்ந்து சைட்டோ அழும் காட்சி ஒன்று உண்டு. வில்லனாக எழுதப்பட்ட ஆளுக்குள்ளிருந்து மனிதனை வெளியே எடுத்தார். ஆஸ்கர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார், கிடைக்கவில்லை. படம் ஏழு ஆஸ்கர் வாங்கியது. நாற்பது ஆண்டுகளுக்கு மேல் உழைத்த பிறகு அவருக்குக் கிடைத்தது, தோற்கடிக்கப்பட வேண்டிய ஆசியன் என்ற அதே இடம்தான். ஆனாலும் ஒரு பெயரோடு, ஒரு முகத்தோடு கிடைத்தது.

இப்போது படத்தில் இல்லாதவர்களுக்கு வருகிறேன்.

சயாமிலிருந்து பர்மாவுக்கு 415 கிலோமீட்டர் ரயில் பாதை. 1942இல் ஜப்பானிய ராணுவம் தொடங்கி 1943 அக்டோபரில் முடித்தது. பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய, டச்சுப் போர்க்கைதிகள் 60,000 பேருக்கு மேல் வேலை செய்தார்கள். 12,000 பேருக்கு மேல் இறந்தார்கள். ஆசியக் கூலிகள் ஏறக்குறைய 2 லட்சம் பேர். மலாயாத் தமிழர்கள், பர்மியர்கள், ஜாவாக்காரர்கள். இறந்தவர்கள் 80,000 முதல் 1 லட்சம் வரை என்று மதிப்பிடுகிறார்கள். மலாயாவிலிருந்து கொண்டுபோகப்பட்டவர்கள் மட்டும் 75,000 பேர் அளவில் இருக்கலாம். அவர்களில் பெரும்பாலோர் ரப்பர்த் தோட்டத் தமிழர்கள். மூன்று மாத வேலை, தினம் ஒரு டாலர் கூலி, ரேஷன் இலவசம் என்று ஆசை காட்டினார்கள். வராதவர்களைப் பிடித்துப் போனார்கள். இலவச சினிமா காட்டுகிறோம் என்று கூப்பிட்டு, கொட்டகை நிறைந்ததும் கதவைச் சாத்தி, அப்படியே ரயிலில் ஏற்றினார்கள் என்ற செய்தி போர்க்கால நினைவுகளில் இருக்கிறது. நம் மக்களுக்கும் உலக சினிமாவுக்கும் இருக்கும் உறவில் இதையும் ஒரு அத்தியாயமாகச் சேர்க்க வேண்டும்.

வெள்ளைக்காரக் கைதிகளில் ஐந்தில் ஒருவர் செத்தார் என்றால், கூலிகளில் இரண்டில் ஒருவருக்கு அருகில் ஏன் செத்தார்கள்? காலரா வந்தது இருவருக்கும்தான். கைதிகளிடம் அதிகாரிகள் இருந்தார்கள், மருத்துவர்கள் இருந்தார்கள், தண்ணீரைக் கொதிக்கவைக்கும் ஒழுங்கு இருந்தது, யார் இருக்கிறார் யார் இறந்தார் என்று ரகசியமாக எழுதிவைத்த பதிவேடு இருந்தது. கூலிக்கு இவை எதுவும் இல்லை. குடும்பத்தோடு போனவர்களும் உண்டு. செத்தவர்களைக் கூட்டாகப் புதைத்தார்கள், எரித்தார்கள். காஞ்சனபுரியில் ஏறக்குறைய 7,000 போர்க்கைதிகளுக்குத் தனித்தனிக் கல்லறை இருக்கிறது, பெயரோடு. கூலிக்குக் கல்லறையும் இல்லை, பெயரும் இல்லை.

படத்துக்கு மூலமான நாவலை எழுதியவர் பியர் பூல் என்ற பிரெஞ்சுக்காரர். போருக்கு முன் மலாயா ரப்பர்த் தோட்டத்தில் பொறியாளராக இருந்தவர். தமிழ்க் கூலிகள் பால் வெட்டியதைத் தினமும் கண்ணால் பார்த்தவர். அவர் கதையிலும் நாம் மையத்துக்கு வரவில்லை. டேவிட் லீன் எடுத்த படத்திலும் இல்லை. படம் எடுத்த இடம் எது? இலங்கையில் களனி ஆற்றங்கரையில் கித்துல்கல. மேலே மலை ஏறினால் தேயிலைத் தோட்டங்கள், அங்கே 1948 சட்டத்தால் குடியுரிமை பறிக்கப்பட்ட மலையகத் தமிழர்கள். சயாமில் செத்தவர்களும் கண்டி மலையில் கொழுந்து பறித்தவர்களும் ஒரே ஊர்களிலிருந்து, ஒரே சேரிகளிலிருந்து கப்பலேறியவர்கள்தான். கேமராவைச் சற்றே திருப்பியிருந்தால் போதும். திருப்பவில்லை.

இன்னொரு தகவல். அந்தப் படத்தின் திரைக்கதையை எழுதிய கார்ல் ஃபோர்மன், மைக்கேல் வில்சன் இருவரும் கம்யூனிஸ்டுகள் என்று ஹாலிவுட் தடைப்பட்டியலில் இருந்ததால் அவர்கள் பெயர் மறைக்கப்பட்டது. 1984இல் அகாதெமி தவறைத் திருத்தி, இருவருக்கும் அவர்கள் இறந்த பிறகு விருதைக் கொடுத்தது. பெயரைத் திருப்பிக் கொடுக்க முடியும் என்பதற்கு இது சாட்சி. யாரோ கேட்டுக்கொண்டே இருந்ததால் கொடுத்தார்கள்.

நம் ஊர்க் கணக்கு

இதை ஏன் வேப்பம்பட்டில் சொல்கிறேன்? மலாயாவுக்குக் கூலிகளை அனுப்பத் தங்கவைத்த முகாம்களில் ஒன்று நாகப்பட்டினத்தில் இருந்தது. இன்னொன்று ஆவடியில் இருந்தது. இங்கிருந்து ரயிலில் சில ஸ்டேஷன் தூரம். 1938இல் அரசு உதவியோடு கூலிகள் போவது நிறுத்தப்படும்வரை கங்காணிகள் வட ஆற்காட்டிலும் சேலத்திலும் தஞ்சாவூரிலும் நம் பழைய செங்கல்பட்டு மாவட்டத்திலும் ஆள் சேர்த்தார்கள். இந்த மாவட்டத்துப் பறையர்களின் நிலையைப் பற்றித்தான் 1891இல் கலெக்டர் டிரெமென்ஹீர் அறிக்கை எழுதினார். குடியிருக்கும் மனைகூடத் தனக்குச் சொந்தமில்லை, கடனுக்குப் படியாள், வாய் திறந்தால் வெளியேற்றம் என்ற நிலை. அந்த அறிக்கையிலிருந்துதான் பஞ்சமி நிலம் வந்தது. நிலம் கிடைக்காதவனும், கிடைத்த நிலத்தைப் பறிகொடுத்தவனும் கப்பலேறினான். அங்கே பல தோட்டங்களில் லயங்களும் சாதிவாரியாகப் பிரிந்திருந்தன. ஆகவே சயாம் மரண ரயிலை வெறும் 'தமிழர் சோகம்' என்று பொதுவாகச் சொல்லிக் கடந்துபோக நமக்கு உரிமை இல்லை. சாகக் கொண்டுபோகும் இடத்தில் யார் கைக்கு எட்டுகிற தூரத்தில் வைக்கப்பட்டிருந்தார்கள் என்ற கேள்வி சாதியின் கேள்வி.

மலேசியத் தமிழ் எழுத்தாளர்கள் இந்தக் கேள்வியைச் சும்மா விடவில்லை. ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்', அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்னம்' ஆகிய நாவல்கள் இருக்கின்றன. நம் நூலகங்களில் இவற்றைக் கேட்டு வாங்கிவைக்க வேண்டும். 2023இல் காஞ்சனபுரியில் நடுகல்லும் வைத்தார்கள்.

திரையிலும் மாற்றம் வராமல் இல்லை. அல்லைப்பிட்டியில் பிறந்து, அகதியாக பிரான்சுக்குப் போய், கிடைத்த கூலி வேலைகளைச் செய்துகொண்டே எழுதியவர் ஷோபாசக்தி. யாழ்ப்பாணச் சாதியத்தை விடாமல் எழுதிவருபவர். லீனா மணிமேகலையின் 'செங்கடல்' படத்தில் நடித்தார். ஜாக் ஓதியார் இயக்கிய 'தீபன்' படத்தின் நாயகனாக நடித்தார்; அது 2015இல் கான் விழாவின் தங்கப்பனை விருதைப் பெற்றது. இறந்தவர்களின் பாஸ்போர்ட்டில், இறந்தவன் பெயரில் வாழ வேண்டியிருக்கும் ஒரு தமிழனின் கதை. அந்தப் படத்தின் முடிவைப் பற்றி நமக்கு விமர்சனம் இருக்கலாம். ஹயகவா ஓவியம் விற்றுப் பிழைத்த அதே பாரிசில், கூலித் தமிழனின் முகம் திரை நடுவே வந்து நின்றது என்பதை மறுக்க முடியாது. ஆனால் நடிகர் ஒருவர் மேலே வந்தால் கணக்குத் தீர்ந்தது என்று நாம் உட்கார்ந்துவிடக் கூடாது. ஹயகவாவின் வாழ்க்கை அதைத்தான் காட்டுகிறது. ஒருவருக்குக் கிடைக்கும் முகம் எத்தனை பெரியதாக இருந்தாலும், அது எதை மறைக்கப் பயன்படுகிறது என்றும் கேட்க வேண்டியிருக்கிறது.

முடிவாக, இந்த அவையிடம் ஒரு வேலையை ஒப்படைக்கிறேன். வேப்பம்பட்டு, திருநின்றவூர், செவ்வாப்பேட்டை, பட்டாபிராம் சுற்றுவட்டாரச் சேரிகளில் 'பினாங்குக்குப் போனவர்', 'மலாயாவுக்குப் போய் வராதவர்' என்று சொல்லும் குடும்பங்கள் இருந்தால் தேடிப் பிடிக்க வேண்டும். எண்பது தொண்ணூறு வயதுப் பாட்டிகளும் தாத்தாக்களும்தான் அந்தக் கணக்கின் கடைசிப் பதிவேடுகள். பெயர், தகப்பன் பெயர், எந்தத் தெரு, எந்த வருடம், எந்தத் தோட்டம், கடைசிக் கடிதம் எப்போது வந்தது என்று மாணவர்கள் நோட்டுப் புத்தகத்தோடு போய்க் கேளுங்கள். செல்போனில் குரலைப் பதிவு செய்யுங்கள். பழைய கடிதம், போட்டோ, கப்பல் சீட்டு இருந்தால் படம் எடுத்துவிட்டு வீட்டாரிடமே திருப்பிக் கொடுங்கள். பெயர் மட்டும்தான் தெரியும், வேறொன்றும் தெரியாது என்றால் அந்தப் பெயரை மட்டும் எழுதுங்கள். அடுத்த ஆண்டு இதே நாளில் அச்சாகும் புத்தகத்தின் முதல் பக்கங்கள் அந்தப் பெயர்ப் பட்டியலாக இருக்கட்டும். பத்துப் பெயர் கிடைத்தாலும் போதும், அச்சிடுவோம்.

பாபாசாகேப் தன் மக்களின் வரலாற்றை ஆவணத்திலிருந்தும் ஆவணம் விட்ட இடைவெளியிலிருந்தும் சேர்த்து எழுதியவர். அவருக்கு மாலை போட்ட கையால் இந்த வேலையையும் செய்வோம்.